மூன்றாம் பருவம்

பள்ளிக்கூடத்துக்கு ஆண்டு ஜூனில் பிறக்கிறது. செங்கல் சூளைக்கு அது தையில் பிறக்கிறது. விழுப்புரம் மாவட்டத்து ஊராட்சி ஒன்றியத் தொடக்கப்பள்ளிகளிலேயே என் ஆசிரியர் வாழ்க்கை கழிந்திருக்கிறது. இந்த இரண்டு ஆண்டுகளுக்கும் நடுவே மாட்டிக்கொண்ட பிள்ளைகளுக்கு எழுத்தும் எண்ணும் சொல்லிக் கொடுத்ததுதான் என் வேலையில் பெரும்பகுதி.

சூளைக்குப் போகும் குடும்பங்களில் இருளர் மிகுதி. ஏரிக்கரையிலும் புறம்போக்கிலும் பத்து இருபது வீடுகளாக இருப்பார்கள். தமிழ்நாட்டில் மிகவும் நலிந்த பழங்குடிகள் என்று அரசு வகைப்படுத்திய ஆறு பிரிவுகளில் அவர்கள் ஒன்று. எலி பிடித்தும் பாம்பு பிடித்தும் வயல் காத்தும் வாழ்ந்தவர்கள். 1972-ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் வந்து பாம்புத்தோல் வணிகம் நின்ற பிறகு மரம் வெட்டவும் கல் அறுக்கவும் போனவர்கள் அவர்களில் ஏராளம். ஐப்பசி, கார்த்திகை மழையில் கூலி வேலை இருக்காது. அந்த நேரம் பார்த்து, சூளைக்கு ஆள் பிடிக்கும் மேஸ்திரி வருவார். கணவனும் மனைவியும் சேர்ந்து ஒரு ஜோடி. ஒரு ஜோடிக்கு இவ்வளவு முன்பணம். அடுப்பு எரியாத வீட்டில் அந்தப் பணத்தை வேண்டாம் என்று சொல்ல யாராலும் முடியாது. பொங்கல் முடிந்ததும் லாரி வரும். பானை சட்டி, கோழி, கைக்குழந்தை, என் வகுப்புப் பிள்ளைகள் எல்லாம் அதில் ஏறுவார்கள். ஆனியிலோ ஆடியிலோதான் திரும்புவார்கள். கடனுக்காக ஆளைக் கட்டி வைக்கும் முறையை 1976-ஆம் ஆண்டுச் சட்டம் ஒழித்தது. முன்பணம் இன்னும் இருக்கிறது.

வறுமையால் படிப்பு கெடுகிறது என்றால் ஃபீஸ் கட்ட முடியாததைத்தான் பலரும் நினைக்கிறார்கள். எங்கள் பள்ளியில் ஃபீஸ் என்று ஒன்று கிடையாது. புத்தகம், நோட்டு, சீருடை, செருப்பு, பை எல்லாம் விலையில்லாமல் வருகின்றன. மதியம் முட்டையோடு சாப்பாடு. 2023 ஆகஸ்ட் முதல் எல்லா அரசுத் தொடக்கப்பள்ளிகளிலும் காலையில் உப்புமாவோ பொங்கலோ கிச்சடியோ உண்டு. காலை உணவு வந்த பிறகு முதல் பாடவேளையில் சுருண்டு படுக்கும் பிள்ளைகளைப் பார்ப்பது அரிதாகிவிட்டது. இத்தனையும் பெரிய காரியங்கள். ஆனால் இவையெல்லாம் பள்ளிக்குள் இருக்கும் பிள்ளைக்குத்தான் கிடைக்கும். தையில் லாரி ஏறிய பிள்ளைக்குச் சூளையில் காலைச் சோறும் இல்லை, மதியச் சோறும் இல்லை, கரும்பலகையும் இல்லை.

2012-இல் முப்பருவ முறை வந்தது. புத்தகச் சுமையைக் குறைக்க அது நல்ல வழி. முன்பு ஆண்டு முழுவதற்கும் ஒரே தடிமனான நூல்; இப்போது ஜூனில் ஒன்று, அக்டோபரில் ஒன்று, ஜனவரியில் ஒன்று. ஜனவரிப் புத்தகத்தைப் படிக்க வேண்டிய பிள்ளைகளில் ஒரு பகுதி பொங்கல் முடிந்ததும் ஊரிலேயே இருக்காது. முன்பெல்லாம் அவர்கள் புத்தகங்களில் பெயர் எழுதிப் பீரோவில் அடுக்கி வைப்போம். அவர்கள் திரும்பி வரும்போது அடுத்த வகுப்பு தொடங்கியிருக்கும். கட்டாயக் கல்விச் சட்டப்படி அவர்களைப் பழைய வகுப்பில் நிறுத்தி வைப்பதில்லை. அது சரிதான், நிறுத்தினால் மறுபடி வரமாட்டார்கள். விளைவு என்னவென்றால், முதல் வகுப்பின் மூன்றாம் பருவம், இரண்டாம் வகுப்பின் மூன்றாம் பருவம், மூன்றாம் வகுப்பின் மூன்றாம் பருவம் என்று ஒரு பிள்ளை தொடர்ந்து ஆண்டின் கடைசிப் பகுதியையே பார்க்காமல் நான்காம் வகுப்புக்கு வந்துவிடும். பெருக்கல் தெரியும், வகுத்தலைக் கண்ணால் கண்டதில்லை. குறில் நெடில் எல்லாம் பிழையின்றி வாசிக்கும் ஒரு பெண்ணுக்கு ஒரு பத்தியை வாசித்து அதில் என்ன சொல்லியிருக்கிறது என்று சொல்லத் தெரியாது; அந்தப் பயிற்சி நடந்த மாதங்களில் அவள் சூளைக் களத்தில் இருந்தாள். அவளை மந்தமான பிள்ளை என்று ஒருவர் குறித்துவிட்டால் அந்தக் குறிப்பு எட்டாம் வகுப்பு வரை கூடவே போகும்.

பெற்றோருக்கு அக்கறை இல்லை என்று பயிற்சிக் கூட்டங்களில் சொல்லக் கேட்கும்போது எனக்குக் கோபம் வரும். லாரி வருவதற்கு முந்தைய நாள் குடியிருப்புக்குப் போய்ப் பிள்ளையை விட்டுவிட்டுப் போகச் சொல்லிக் கேட்பது எங்கள் வழக்கம். ஒரு தாய் சொன்னாள்: “உட்டுட்டுப் போனா யாரு டீச்சரம்மா சோறு போடறது? ராத்திரிக்கு யாரு பக்கத்துல படுக்கறது? எங்க மாமியாரும்தான் கூட வருது கல்லு அறுக்க.” அதற்கு என்னிடம் பதில் இல்லை. வயதுக்கு வரப்போகும் பெண்ணை ஏரிக்கரைக் குடிசையில் தனியாக விட்டுப் போகாத தாயை அக்கறையில்லாதவள் என்று நான் சொல்ல மாட்டேன். அதே தாய் ஆடியில் திரும்பியதும் துணி மூட்டையை அவிழ்ப்பதற்கு முன்பே பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு பள்ளி வாசலில் நின்றாள்.

சூளையில் பிள்ளைகள் என்ன செய்கிறார்கள் என்பதை நேரில் பார்த்தால்தான் விளங்கும். வெயிலுக்குப் பயந்து நள்ளிரவு கடந்ததும் வேலை தொடங்குகிறது. அப்பா மண்ணைக் குழைத்து உருட்டிக் கொடுக்க, அம்மா அச்சில் அடித்துக் களத்தில் வரிசையாக இறக்குவாள். விடிந்த பிறகு பச்சைக்கல்லைத் திருப்பிப் போடுவது பிள்ளைகள். கை சின்னது, எடை குறைவு, கல்லை மிதிக்காமல் நடுவில் நடப்பார்கள் என்பதால் அது அவர்கள் வேலையாகிவிட்டது. பெரிய பெண் என்றால் தம்பியையோ தங்கையையோ இடுப்பில் வைத்திருக்க வேண்டும். கூலி ஆயிரம் கல்லுக்கு இவ்வளவு என்ற கணக்கு. கூலி பேசப்படுவது ஜோடிக்கு என்பதால் பிள்ளை திருப்பிய கல்லும் பெற்றோர் கணக்கில்தான் சேரும். பிள்ளையின் உழைப்பு எந்த ஏட்டிலும் ஏறாது. வேலைக்கு வைத்திருக்கிறீர்களா என்று கேட்டால் இல்லை என்றுதான் பதில் வரும்.

இந்தப் பிள்ளைகளுக்குக் கணக்கு வராது என்று நான் ஒருபோதும் நம்பவில்லை. ஒரு பையன் நூறுக்கு மேல் எழுதத் தடுமாறுவான். ஆனால் களத்தில் ஒரு வரிசைக்கு எத்தனை கல், எத்தனை வரிசை சேர்ந்தால் ஆயிரம், மழையில் கரைந்தவை போக அப்பாவுக்கு எத்தனை கல்லுக்குக் கூலி வரும் என்பதை வாயாலேயே சொல்வான். கழித்தல், பெருக்கல், வாரக் கணக்கில் பிடித்தம் எல்லாம் அதில் இருக்கிறது. அவனுக்குத் தெரியாதது அதைத் தாளில் எழுதும் முறை மட்டும். ஒன்று, பத்து, நூறு, ஆயிரம் இடமதிப்பை நான் தீக்குச்சிக் கட்டுகளை வைத்துத் தொடங்கி, அவனுக்காகக் கல் வரிசைக்கு மாறினேன். தரையில் சுண்ணாம்புக் கட்டியால் கட்டம் போட்டு ஒவ்வொரு வரிசைக்குக் கீழும் எண்ணை எழுத வைத்தேன். வாய்க்கணக்கு தாளுக்கு இறங்கி வந்த வேகத்தைப் பார்த்து உடன் வேலை செய்த ஆசிரியை வகுப்பு முழுவதையும் கூட்டி வந்து காட்டினார்.

விட்ட இடத்திலிருந்து ஒரு பிள்ளையைத் தொடங்க வைப்பது எப்படி என்பதுதான் இந்த வேலையின் மையமான நுட்பம். அதற்கு எனக்குக் கிடைத்த கருவிகளில் சிறந்தது செயல்வழிக் கற்றல். ஆந்திரத்தின் ரிஷிவேலிப் பள்ளியில் உருவான முறை அது. 2003-இல் சென்னை மாநகராட்சிப் பள்ளிகளுக்கு வந்து, 2007 வாக்கில் மாநிலம் முழுவதும் பரவியது. மேசை நாற்காலி இல்லாமல் பாயில் உட்கார்ந்து, சுவரில் தன் உயரத்துக்கு இருக்கும் கரும்பலகையில் ஒவ்வொரு பிள்ளையும் எழுதும். பாடம் அட்டைகளாகப் பிரிக்கப்பட்டிருக்கும். ஒவ்வொரு அட்டைக்கும் ஒரு சின்னம். சுவரில் தொங்கும் ஏணிப்படியில் தான் எந்தப் படியில் நிற்கிறோம் என்பது பிள்ளைக்கே தெரியும். ஆசிரியர்களில் பலருக்கு இது பிடிக்கவில்லை. அட்டை தொலைகிறது, இரைச்சல், எல்லாரும் ஆளுக்கொரு பாடம் படிக்கிறார்கள், வாய்விட்டுப் பாடம் நடத்தும் சுகம் போய்விட்டது என்றார்கள். அந்தக் குறைகளில் உண்மை இருந்தது. ஆனாலும் ஆடியில் சூளையிலிருந்து திரும்பிய பிள்ளை நேராகப் போய்த் தட்டில் தன் அட்டையை எடுத்து விட்ட படியிலிருந்து ஏறத் தொடங்கியதை நான் பார்த்திருக்கிறேன். வகுப்பு தன்னை விட்டுவிட்டுப் போய்விட்டது என்ற எண்ணமே அதற்கு வரவில்லை. வகுப்பு முழுவதும் ஒரே நாளில் ஒரே பக்கத்தில் நிற்க வேண்டும் என்ற முறை, நாள் தவறாமல் வரும் வீட்டுப் பிள்ளைக்காகச் செய்யப்பட்ட முறை.

2022-இல் வந்த எண்ணும் எழுத்தும் திட்டமும் பிள்ளையின் நிலையைப் பார்த்துத்தான் தொடங்குகிறது. அரும்பு, மொட்டு, மலர் என்று மூன்று நிலைகள். வகுப்பு எதுவானாலும் பிள்ளை நிற்கும் நிலைக்குரிய பயிற்சி. கொரோனா இடைவெளியை நிரப்ப வந்த திட்டம், எங்கள் பிள்ளைகளுக்கு ஆண்டுதோறும் வரும் இடைவெளிக்கும் உதவுகிறது. மதிப்பீட்டைச் செயலியில் ஏற்றுவதற்குச் செலவாகும் நேரம் குறைந்தால் இன்னும் உதவும்.

நேரத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். கட்டாயக் கல்விச் சட்டம் 1 முதல் 5 வரையிலான வகுப்புகளுக்கு ஆண்டுக்கு 200 வேலை நாள், 800 மணி நேரக் கற்பித்தல் என்று வரையறுத்திருக்கிறது. அதே சட்டம் 60 பிள்ளைகள் வரை இருக்கும் தொடக்கப்பள்ளிக்கு இரண்டு ஆசிரியர் என்கிறது. ஐந்து வகுப்புக்கு இரண்டு பேர். ஒருவர் கையில் இரண்டு வகுப்பு, மற்றவர் கையில் மூன்று. மூன்று வகுப்பை ஒருசேர வைத்திருப்பவரின் நேரத்தைப் பங்கிட்டால் ஒரு வகுப்புக்குக் கிடைப்பது அந்த 800 மணியில் மூன்றில் ஒரு பங்கு. தலைமையாசிரியர் கூட்டத்துக்கோ மற்றவர் பயிற்சிக்கோ போகும் நாளில் ஐந்து வகுப்பும் ஒருவர் தலையில். பக்கத்து டவுனில் ஃபீஸ் கட்டிப் படிக்கும் பிள்ளைக்கு வகுப்புக்கு ஓர் ஆசிரியர், அதன்பிறகு மாலையில் டியூஷன். அதே மாவட்டத்தில், அதே வயதில், ஒரு பிள்ளைக்குக் கிடைக்கும் ஆசிரியர் நேரத்தில் சிறு துண்டுதான் இன்னொரு பிள்ளைக்குக் கிடைக்கிறது. அந்தத் துண்டிலும் பாதியைச் சூளை எடுத்துக்கொள்கிறது. சேர்க்கை நூறு விழுக்காடு என்று அறிக்கை எழுதும்போது இந்தக் கணக்கையும் பக்கத்தில் எழுத வேண்டும் என்று நான் கேட்டுக்கொண்டே இருக்கிறேன்.

தனியார் பள்ளிகளில் 25 விழுக்காடு இடம் ஏழைப் பிள்ளைகளுக்கு என்பதும் அதே சட்டத்தில் இருக்கிறது. எங்கள் குடியிருப்பிலிருந்து அப்படிப் போன பிள்ளை எனக்குத் தெரிந்து யாரும் இல்லை. காரணம் எளிது. இணையத்தில் விண்ணப்பிக்க வேண்டும்; சான்றிதழ்கள் வேண்டும்; பள்ளி வீட்டுக்கு ஒரு கிலோமீட்டர் சுற்றளவில் இருக்க வேண்டும்; விண்ணப்பம் பெரும்பாலும் ஏப்ரல், மே மாதங்களில் வாங்குவார்கள். ஏப்ரல், மேயில் எங்கள் ஆட்கள் எங்கே இருக்கிறார்கள் என்பதைச் சொல்லிவிட்டேன். ஏழைகளுக்கென்று செய்த ஏற்பாட்டிலும் ஊரில் இருக்கும் ஏழைக்குத்தான் வழி திறக்கிறது.

சான்றிதழ் என்றதும் சாதிச் சான்றிதழ் நினைவுக்கு வருகிறது. மற்றப் பிரிவினருக்குத் தாசில்தார் அளவில் கிடைப்பது, பழங்குடியினருக்கு 1989 முதல் வருவாய்க் கோட்டாட்சியர் கையெழுத்தில்தான் கிடைக்கும். போலிச் சான்றிதழைத் தடுக்கக் கொண்டுவந்த கட்டுப்பாடு அது. அந்த நோக்கத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் தாத்தாவுக்குச் சான்றிதழ் இருக்கிறதா, அப்பா பள்ளியில் படித்த பதிவு இருக்கிறதா என்று கேட்டால் எங்கே போவார்கள்? அந்தக் குடும்பத்தில் பள்ளிக்கு வந்த முதல் ஆளே என் வகுப்பில் உட்கார்ந்திருக்கும் ஆறு வயதுப் பிள்ளைதான். நேரில் விசாரிக்க அலுவலர் வரும் நாளில் குடும்பம் சூளையில் இருந்தால் கோப்பு மறுபடி அடியிலிருந்து தொடங்கும். ஐந்தாம் வகுப்பு வரை இந்தச் சான்றிதழ் இல்லாமல் ஓட்டிவிடலாம். பத்தாம் வகுப்பு முடித்து உதவித்தொகை, விடுதி, கல்லூரி இட ஒதுக்கீடு என்று வரும்போது அது இல்லாமல் ஓரடி எடுத்து வைக்க முடியாது. திண்டிவனத்தில் பேராசிரியர் பிரபா கல்விமணி இருளர்களுக்காக ஆண்டுக்கணக்கில் போராடி வருவதில் சாதிச் சான்றிதழும் ஒரு முக்கியக் கோரிக்கை. அதனால் பிள்ளை முதல் வகுப்பில் சேரும்போதே மனு எழுதும் வேலையை நாங்களே தொடங்கிவிடுகிறோம். தொடக்கப்பள்ளி ஆசிரியர் செய்ய வேண்டிய வேலையா என்று கேட்பவர்கள் உண்டு. வேறு யார் செய்வார்கள்?

கொரோனாவால் 2020 மார்ச்சில் மூடிய தொடக்க வகுப்புகள் 2021 நவம்பர் 1 அன்றுதான் திறந்தன. அந்தக் காலத்தில் தொலைக்காட்சியிலும் கைபேசியிலும் பாடம் நடந்தது. கைபேசி இல்லாத வீடுகளில் எதுவும் நடக்கவில்லை. அந்த இழப்பை ஈடுகட்ட, தன்னார்வலர்கள் மாலையில் தெருவிலேயே பாடம் சொல்லும் இல்லம் தேடிக் கல்வித் திட்டம் எங்கள் மாவட்டத்து முதலியார்குப்பத்தில்தான் தொடங்கி வைக்கப்பட்டது. படித்த பெண் ஒருத்தி இருக்கும் தெருவில் மாலை வகுப்பு நன்றாக நடந்தது. படித்தவர் யாருமில்லாத குடியிருப்புக்குத் தன்னார்வலர் வெளியிலிருந்து வர வேண்டியிருந்தது; இருட்டியதும் ஏரிக்கரைக்கு வர எல்லாரும் ஒப்பவில்லை.

ஒருமுறை பயிற்சிக்காகத் திருவள்ளூர்ப் பக்கம் போனபோது அங்கே சூளைகளில் ஒடிசாவின் பலாங்கீர், நுவாபாடா மாவட்டங்களிலிருந்து வந்த குடும்பங்களைப் பார்த்தேன். வேலைத்தளத்துப் பள்ளியில் ஒடியா பாடநூல், ஒடியா தெரிந்த ஆசிரியர். அவர்கள் ஊரில் விட்ட பாடத்தை இங்கே தொடர்ந்தார்கள். மொழி தெரியாத பிள்ளைகளுக்கு அவ்வளவு தொலைவிலிருந்து புத்தகம் வரவழைக்க முடிந்திருக்கிறது. ஒரே மாவட்டத்துக்குள்ளோ பக்கத்து மாவட்டத்துக்கோ போகும் எங்கள் பிள்ளைகள் கண்ணில் படாமல் போவதற்கு அவர்கள் தமிழ் பேசுவதும் ஒரு காரணம் என்று அன்று தோன்றியது. உள்ளூர் ஆட்கள்தானே, பள்ளிக்குப் போய்க்கொண்டிருப்பார்கள் என்று எல்லாரும் நினைத்துக்கொள்கிறார்கள்.

சூளைக்கு அருகிலுள்ள பள்ளி, டி.சி. இல்லை என்று காரணம் காட்டிப் பிள்ளையைத் திருப்பி அனுப்பக் கூடாது. ஆண்டின் நடுவில் வந்தாலும் சேர்க்க வேண்டும். சட்டத்தில் இருக்கிறது. நடைமுறையில் சிக்கல், பிள்ளைகளின் விவரம் ஏறும் எமிஸ் இணையப் பதிவில் வருகிறது. பிள்ளையின் எண் எங்கள் பள்ளியில் இருக்கும்வரை அந்தப் பள்ளியில் பெயர் ஏறாது. நாங்கள் பெயரை விடுவித்து எமிஸின் பொதுப் பட்டியலான காமன் பூலுக்கு அனுப்பிவிட்டு அங்கே யாரும் எடுத்துக்கொள்ளாவிட்டால் பிள்ளை இடைநின்றவர் பட்டியலுக்குப் போய்விடும். ஆகவே முதலில் சூளை இருக்கும் ஊரைக் கேட்டு, அங்குள்ள பள்ளியின் எண்ணைத் தேடி, தலைமையாசிரியரிடம் பேசி, அவர் ஒப்புக்கொண்ட பிறகே எமிஸில் கை வைக்கிறோம். நல்ல தலைமையாசிரியர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். ஒருவர் பெற்றோரைப் பார்க்கச் சூளைக்கே சைக்கிளில் போனார். பிள்ளையோடு ஒரு தாளும் அனுப்புகிறோம்: எதுவரை வாசிக்கும், எந்தக் கணக்கு போடும், எதில் தடுமாறும் என்று அரைப் பக்கம். மூன்றாம் பருவப் புத்தகத்தை இப்போது பீரோவில் அடுக்குவதில்லை. அதுவும் கூடவே லாரி ஏறுகிறது.

விடுதி கட்டினால் எல்லாம் தீரும் என்று சொல்பவர்களோடு எனக்குப் பாதி உடன்பாடு. ஒடிசாவில் பெற்றோர் வெளியூர் போகும் மாதங்களுக்கு மட்டும் பிள்ளைகளை ஊரிலேயே வைத்துக்கொள்ளும் பருவகால விடுதிகள் இருக்கின்றன. இங்கே ஆதிதிராவிடர் நலத்துறை விடுதிகள் நான்காம் வகுப்பிலிருந்துதான் சேர்க்கும். நான்கு, ஐந்து வகுப்புப் பிள்ளைகளுக்குத் தை முதல் ஆனி வரை ஒன்றியத் தலைமையிடத்தில் இடம் கொடுத்தால் பெற்றோரில் பலர் விட்டுவிட்டுப் போவார்கள், கேட்டுப் பார்த்திருக்கிறேன். ஆறு வயதுப் பிள்ளையைத் தாயிடமிருந்து பிரித்து விடுதியில் வைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. அந்த வயதுக்கு ஆசிரியர்தான் சூளைக்குப் போக வேண்டும். சிறப்புப் பயிற்சி மையம் நடத்தச் சட்டத்தில் இடமிருக்கிறது. ஒரு கொட்டகை, ஓர் ஆசிரியர், ஒரு பெட்டி அட்டை, மதியச் சோறு. இதற்கு மேல் கேட்கவில்லை.

எந்தச் சூளைக்கு எத்தனை பிள்ளை போகிறது என்பது பிப்ரவரியில் கணக்கெடுத்துத் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயமில்லை. முன்பணம் கைமாறும் ஐப்பசியிலேயே மேஸ்திரிக்குத் தெரியும், பெற்றோருக்குத் தெரியும், எங்களுக்கும் தெரியும். அந்த மாதத்திலேயே ஒவ்வொரு பள்ளியும் பட்டியல் எடுத்து வட்டார வள மையத்தில் கொடுத்தால், லாரி வருவதற்குள் ஆசிரியரையும் புத்தகத்தையும் சத்துணவு அரிசியையும் அங்கே சேர்க்க இரண்டு மாத அவகாசம் இருக்கிறது. குடும்பங்கள் ஊரில் இருக்கும் அந்த நாட்களிலேயே கோட்டாட்சியர் குடியிருப்புக்கு வந்து ஒரு முகாம் போட்டால் சாதிச் சான்றிதழ் விசாரணையும் முடிந்துவிடும். எங்கள் பள்ளியின் பட்டியலில் பிள்ளையின் பெயர், வகுப்பு, நிலை, சூளை இருக்கும் ஊர், மேஸ்திரியின் போன் எண் எல்லாம் இருக்கின்றன. ஆண்டுதோறும் தீபாவளி விடுமுறைக்கு முன்பே அதை எழுதி முடித்துவிடுகிறோம்.